பெரம்பலூர் மாவட்டம்: மக்கள்தொகை, நிர்வாகம் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பெரம்பலூரைப் பற்றி வெளியூர்க்காரர்கள் கேட்பது பெரும்பாலும் எண்களை. எவ்வளவு பேர், எத்தனை தாலுகா, எப்போது பிரித்தார்கள் என்று. உள்ளூர்க்காரர்கள் கேட்பது ஒன்றே ஒன்றுதான்: இந்த மனுவை எந்த ஆபீஸில் கொடுப்பது? இரண்டு வகைக் கேள்விகளுக்கும் இங்கே பதில் இருக்கிறது. இரண்டாவது வகைக்குக் கொஞ்சம் கூடுதல் இடம் கொடுத்திருக்கிறேன். தப்பான ஆபீஸ் வாசலில் ஒரு நாள் கூலியைத் தொலைத்துவிட்டுத் திரும்பும் ஆட்கள் இன்னும் நிறைய இருக்கிறார்கள்.

பெரம்பலூர் மாவட்டம் எங்கே இருக்கிறது?

தமிழ்நாட்டின் நடுப்பகுதியில், கடல் தொடாத மாவட்டம். தெற்கிலும் மேற்கிலும் திருச்சி, கிழக்கில் அரியலூர், வடக்கில் கடலூர், சேலம் மாவட்டங்கள். சென்னை – திருச்சி தேசிய நெடுஞ்சாலை மாவட்டத்தின் குறுக்கே போகிறது. மேற்கே பச்சைமலை, வடக்கே வெள்ளாறு. வண்டி எண் டி.என். 46.

மக்கள்தொகை எவ்வளவு?

2011 கணக்கெடுப்பின்படி 5,65,223 பேர். ஆண்கள் 2,82,157, பெண்கள் 2,83,066. பரப்பளவு சுமார் 1,757 சதுர கிலோமீட்டர். ஒரு சதுர கிலோமீட்டருக்குச் சராசரியாக 320 பேருக்குச் சற்று அதிகம். அப்போது மாநிலச் சராசரி 555.

அதே இடத்தில் 2001-ல் 4,93,646 பேர் இருந்தார்கள். பத்து ஆண்டுகளில் 14.5 சதவீத வளர்ச்சி. மாநிலம் முழுவதற்கும் அது 15.6 சதவீதம்.

2011-க்குப் பிறகு முழுமையான கணக்கெடுப்பு நடக்கவில்லை. இணையத்தில் "2024 மக்கள்தொகை", "2025 மக்கள்தொகை" என்று கண்ணில் படுகிற எண்கள் எல்லாம் பழைய வளர்ச்சி வேகத்தை வைத்துப் போட்ட மதிப்பீடுகள். மனுவிலோ கட்டுரையிலோ எழுதும்போது 2011 எண்ணை எழுதி, ஆண்டையும் சேர்த்துக் குறிப்பிடுங்கள்.

தமிழ்நாட்டிலேயே சின்ன மாவட்டம் இதுதானா?

மக்கள்தொகையில் ஆமாம். 2011-ல் இருந்த 32 மாவட்டங்களில் கடைசி இடம் பெரம்பலூருக்கு. நீலகிரியில்கூட 7,35,394 பேர் இருந்தார்கள். மாநிலத்தின் 7.21 கோடிப் பேரில் பெரம்பலூரின் பங்கு ஒரு சதவீதத்துக்கும் குறைவு. 2019-லும் 2020-லும் தென்காசி, கள்ளக்குறிச்சி, மயிலாடுதுறை என்று புதிய மாவட்டங்கள் வந்தன. அவை எல்லாமே இதைவிட மக்கள் அதிகம் உள்ளவை.

பரப்பளவில் அப்படி இல்லை. சென்னை, கன்னியாகுமரி, மயிலாடுதுறை எல்லாம் இதைவிடச் சிறியவை. 2011-ல் சென்னை மாவட்டம் 175 சதுர கிலோமீட்டர்தான், அதில் 46 லட்சம் பேர். பெரம்பலூர் அதைப்போலப் பத்து மடங்கு நிலம், எட்டில் ஒரு பங்கு ஜனம். ஒரு கிராமத்துக்கும் அடுத்த கிராமத்துக்கும் நடுவில் எவ்வளவு சோளக்காடும் பருத்திக்காடும் இருக்கின்றன என்பதை இதிலிருந்தே புரிந்துகொள்ளலாம். குறைவான ஆட்களுக்காக நீளமான சாலையும் நீளமான குடிநீர்க் குழாயும் போட வேண்டியிருப்பது இந்த மாவட்டத்தின் நிரந்தரப் பிரச்சினை.

எப்போது தனி மாவட்டம் ஆனது? அரியலூர் ஏன் இரண்டு முறை பிரிந்தது?

1995 வரை இது திருச்சி மாவட்டத்தின் பகுதி. அந்தப் பெரிய மாவட்டத்தைத் திருச்சி, கரூர், பெரம்பலூர் என மூன்றாகப் பிரித்தார்கள். பெரம்பலூர் 1995 நவம்பர் 1-ல் செயல்பாட்டுக்கு வந்தது. இப்போதைய அரியலூர் மாவட்டமும் அப்போது இதற்குள்தான் இருந்தது.

2001 ஜனவரி 1-ல் அரியலூர் தனி மாவட்டம் ஆனது. 2002 மார்ச் 31-ல் செலவைக் காரணம் காட்டித் திரும்பவும் பெரம்பலூரோடு இணைத்தார்கள். அப்புறம் 2007 நவம்பர் 23-ல் மறுபடியும் பிரித்தார்கள். அந்தப் பிரிவுதான் இன்றுவரை நீடிக்கிறது.

இந்த வரலாறு தெரியாமல் புள்ளிவிவரம் படித்தால் குழப்பம்தான் வரும். பழைய அறிக்கை ஒன்றில் பெரம்பலூர் மாவட்டத்தின் மக்கள்தொகை 12 லட்சத்தை ஒட்டி இருக்கும், அடுத்ததில் 5 லட்சம் என்று இருக்கும். ஆள் யாரும் ஊரைவிட்டுப் போய்விடவில்லை, எல்லைதான் மாறியது. 2002-க்கும் 2007-க்கும் இடையில் வந்த எந்த ஆவணத்தை எடுத்தாலும், அதில் இப்போது அரியலூர் மாவட்டத்தில் இருக்கும் ஜெயங்கொண்டமும் உடையார்பாளையமும் சேர்ந்திருக்கின்றனவா என்று முதலில் பாருங்கள். சேர்ந்திருந்தால் அது இரண்டு மாவட்டங்களின் கணக்கு.

கிராமப்புற மாவட்டம் என்று எதை வைத்துச் சொல்கிறார்கள்?

2011-ல் நூற்றுக்கு 83 பேர் கிராமங்களில் இருந்தார்கள். நகர்ப்புறக் கணக்கில் வந்தவர்கள் 97 ஆயிரம் பேர் அளவில். அதில் பாதி, அதாவது 49,648 பேர், பெரம்பலூர் நகராட்சியில். மற்றவர்கள் குரும்பலூர், அரும்பாவூர், பூலாம்பாடி, லப்பைக்குடிக்காடு ஆகிய நான்கு பேரூராட்சிகளில். மாநகராட்சி கிடையாது. நகராட்சியும் ஒன்றே ஒன்றுதான்.

பேரூராட்சி என்றாலும் போய்ப் பார்த்தால் கிராமம் போலத்தான் இருக்கும். ஆனால் நிர்வாகத்தில் வித்தியாசம் உண்டு. அங்கே வட்டார வளர்ச்சி அலுவலர் (பி.டி.ஓ.) கிடையாது, செயல் அலுவலர்தான் இருப்பார். ஊராட்சிகளுக்கு என்று வருகிற ஊரகத் திட்டங்கள் பலவும் அங்கே வராது. வரி விகிதமும் வேறு.

ஆண், பெண் விகிதம் எப்படி இருக்கிறது?

1,000 ஆண்களுக்கு 1,003 பெண்கள். மாநிலச் சராசரியான 996-ஐ விட இது கூடுதல். இந்த எண்ணைப் பார்த்து மட்டும் மகிழ்ந்துவிட முடியாது. ஆறு வயதுக்கு உட்பட்ட குழந்தைகளில் 1,000 ஆண் குழந்தைகளுக்கு 913 பெண் குழந்தைகள்தான் இருந்தார்கள். மாநிலத்தின் அளவு 943. பக்கத்து மாவட்டங்களான அரியலூரும் கடலூரும் இதைவிடக் கீழே, 900-க்கும் கீழே.

மொத்தத்தில் பெண்கள் அதிகமாகத் தெரிவதற்கு, வேலைக்காக ஆண்கள் வெளியூரும் வெளிநாடும் போவது ஒரு காரணம். லப்பைக்குடிக்காடு, வி.களத்தூர் பக்கம் வளைகுடா நாடுகளுக்கு ஆள் போகாத தெருவே குறைவு. குழந்தைகள் விகிதம் குறைவதற்கு அப்படி ஒரு சமாதானம் சொல்ல முடியாது. கருவில் இருப்பது ஆணா பெண்ணா என்று பார்த்துச் சொல்வது 1994-ம் ஆண்டின் சட்டப்படி குற்றம். அது நடந்தால் புகார் கொடுக்க வேண்டிய இடம் மாவட்ட மருத்துவப் பணிகள் இணை இயக்குநர் அலுவலகம். கலெக்டரிடமும் நேராகச் சொல்லலாம். இந்தப் பக்கத்தில் உள்ள எண்களிலேயே நாம் அதிகம் கவலைப்பட வேண்டியது இந்த 913-தான் என்று நினைக்கிறேன்.

எழுத்தறிவு?

74.3 சதவீதம். மாநிலச் சராசரி 80 சதவீதம். ஆண்களில் 83 சதவீதம் அளவுக்கும், பெண்களில் 66 சதவீதம் அளவுக்கும் படிக்கத் தெரிந்தவர்கள். இந்த 17 புள்ளி இடைவெளியில் பெரும்பகுதி பள்ளிக்கூடம் எட்டாத காலத்தில் வளர்ந்த அம்மாக்களும் பாட்டிகளும். இன்றைக்கும் கூட்டுறவுச் சங்கத்திலும் ஆட்சியர் அலுவலகத்திலும் கைநாட்டு வைக்கிறவர்கள் அவர்கள்தான். அவர்களுக்கு மனு எழுதிக்கொடுக்க வாசலில் ஆள் வேண்டும், அந்த ஆள் காசு கேட்காதவராகவும் இருக்க வேண்டும்.

பட்டியல் சாதியினர், பழங்குடியினர் எண்ணிக்கை?

பட்டியல் சாதியினர் 31 சதவீதம். மாநிலத்தில் இந்தப் பங்கு அதிகமாக உள்ள மாவட்டங்களில் திருவாரூர், நீலகிரி, நாகப்பட்டினத்துக்கு அடுத்து பெரம்பலூர் வருகிறது. பெரம்பலூர் சட்டமன்றத் தொகுதி தனித்தொகுதி. பழங்குடியினர் அரை சதவீதம் அளவுக்குத்தான், பெரும்பாலும் பச்சைமலையை ஒட்டி வாழும் மலையாளி என்ற பழங்குடி மக்கள் (கேரளத்துக்காரர்கள் அல்ல). எண்ணிக்கை குறைவு என்பதால் அவர்களுடைய சான்றிதழ் வேலை தாமதமாகக் கூடாது. பழங்குடியினர் சாதிச் சான்றிதழை கோட்டாட்சியர்தான் வழங்க முடியும், விசாரணையும் உண்டு. பள்ளிக்கூடம் திறக்கும் நேரம் வரை காத்திருக்காமல் முன்னதாகவே விண்ணப்பிப்பது நல்லது.

எத்தனை தாலுகா, எத்தனை ஒன்றியம்?

வருவாய்த் துறைக் கணக்கில் ஒரு கோட்டம், நான்கு வட்டங்கள் (பெரம்பலூர், வேப்பந்தட்டை, குன்னம், ஆலத்தூர்), 11 குறுவட்டங்கள், 152 வருவாய் கிராமங்கள்.

ஊரக வளர்ச்சித் துறைக் கணக்கில் நான்கு ஒன்றியங்கள் (பெரம்பலூர், வேப்பந்தட்டை, ஆலத்தூர், வேப்பூர்), 121 கிராம ஊராட்சிகள்.

தாலுகாவும் ஒன்றியமும் ஒன்றுதானே? ஏன் இரண்டு கணக்கு?

ஒன்று இல்லை. பெயர் ஒன்றாக இருப்பதால் வருகிற குழப்பம் இது. குன்னம் வட்டம் உண்டு, குன்னம் ஒன்றியம் கிடையாது. வேப்பூர் ஒன்றியம் உண்டு, வேப்பூர் வட்டம் கிடையாது. மற்ற மூன்று பெயர்களும் இரண்டிலும் இருக்கின்றன, அதனால் ஒன்று என்றே பலர் நினைத்துவிடுகிறார்கள்.

வருவாய்த் துறை நிலத்தையும் சான்றிதழையும் பார்க்கிறது. வி.ஏ.ஓ. எனப்படும் கிராம நிர்வாக அலுவலர், அவருக்கு மேல் ஆர்.ஐ. எனப்படும் வருவாய் ஆய்வாளர், அப்புறம் தாசில்தார், கோட்டாட்சியர், மாவட்ட வருவாய் அலுவலர், கலெக்டர் என்று அந்த வரிசை போகும். ஊரக வளர்ச்சித் துறை தண்ணீர், தெருவிளக்கு, சாக்கடை, ஊர்ச்சாலை, தொகுப்பு வீடு, நூறு நாள் வேலை ஆகியவற்றைப் பார்க்கிறது. ஊராட்சிச் செயலர், ஊராட்சித் தலைவர், வட்டார வளர்ச்சி அலுவலர் என்கிற பி.டி.ஓ., மாவட்டத்தில் திட்ட இயக்குநர், மேலே கலெக்டர். இரண்டு வரிசையும் கலெக்டரிடம்தான் போய்ச் சேர்கின்றன, நடுவில் எங்கேயும் சேர்வதில்லை.

குன்னம் வட்டத்தில் ஒரு கிராமம். மேல்நிலைத் தொட்டியில் தண்ணீர் ஏறவில்லை, மோட்டார் பழுது. பத்துப் பெண்கள் ஆளுக்கு ஒரு குடத்தோடு ஷேர் ஆட்டோ பிடித்துக் குன்னம் தாலுகா ஆபீஸுக்குப் போகிறார்கள். தாசில்தார் மனுவை வாங்கி, "உரிய நடவடிக்கைக்காக" என்று எழுதி வேப்பூர் பி.டி.ஓ.வுக்கு அனுப்புகிறார். தபால் போய்ச் சேர்ந்து, அங்கே பதிவாகி, பொறியாளர் பார்வைக்குப் போவதற்குள் ஒரு வாரம் ஓடிவிடுகிறது. அதே மனுவை முதல் நாளே வேப்பூரில் கொடுத்திருந்தால் அன்றைக்கே டேங்க் ஆபரேட்டரைக் கூப்பிட்டுக் கேட்டிருப்பார்கள். மாவட்டம் சின்னது, தூரம் குறைவு என்பதன் பலன் சரியான ஆபீஸுக்குப் போகிறவருக்குத்தான் கிடைக்கிறது.

ஒரு ஊராட்சிக்குள் இரண்டு வி.ஏ.ஓ. இருப்பார்களா?

இருக்கலாம். வருவாய் கிராமம் 152, ஊராட்சி 121 என்னும்போதே இரண்டு எல்லையும் ஒன்றல்ல என்று தெரிகிறது. ஒரு ஊராட்சியின் குக்கிராமங்கள் வெவ்வேறு வருவாய் கிராமத்தில் வரலாம். உங்கள் நிலம் எந்த வருவாய் கிராமத்தில் இருக்கிறது என்பது சிட்டாவில் இருக்கும். வீடு எந்த ஊராட்சியில் இருக்கிறது என்பது வீட்டு வரி ரசீதில் இருக்கும். இரண்டு காகிதத்தையும் ஒரு முறை எடுத்து வைத்துப் பாருங்கள். நிலவரி கிராம நிர்வாக அலுவலரிடம், வீட்டு வரியும் குடிநீர்க் கட்டணமும் ஊராட்சியில்.

எந்தச் சான்றிதழுக்கு யார் கையெழுத்து?

வருமானம், இருப்பிடம், சாதி என்று எதுவாக இருந்தாலும் விண்ணப்பத்தை இ-சேவை மையத்தில் கொடுக்கலாம். பெரும்பாலான வருவாய்ச் சான்றிதழ்களுக்குக் கட்டணம் 60 ரூபாய். விண்ணப்பம் முதலில் வி.ஏ.ஓ. திரைக்குப் போகும், அப்புறம் ஆர்.ஐ., கடைசியாகக் கையெழுத்துப் போடும் அதிகாரி. சாதிச் சான்றிதழில் பட்டியல் சாதியினருக்கு வட்டாட்சியர், பிற்படுத்தப்பட்ட, மிகப் பிற்படுத்தப்பட்ட வகுப்பினருக்குத் துணை வட்டாட்சியர், பழங்குடியினருக்குக் கோட்டாட்சியர். வாரிசுச் சான்றிதழ் வட்டாட்சியரிடம்.

விண்ணப்பம் எங்கே நிற்கிறது என்று ஒப்புகைச் சீட்டில் உள்ள எண்ணை வைத்துப் பார்க்கலாம். அந்தச் சீட்டை மையத்திலேயே விட்டுவிட்டு வந்துவிடாதீர்கள்.

பிறப்பு, இறப்பு வேறு வழி. ஆஸ்பத்திரியில் நடந்தால் தகவல் அங்கிருந்தே பதிவுக்குப் போகும். கிராமத்தில் வீட்டில் நடந்தால் வி.ஏ.ஓ.விடம் பதிவுசெய்ய வேண்டும். 21 நாளுக்குள் செய்தால் கட்டணம் இல்லை. தாண்டினால் தாமதக் கட்டணம், ஓராண்டு தாண்டினால் கோட்டாட்சியர் உத்தரவு வரை போக வேண்டியிருக்கும். வீட்டில் இறந்த பெரியவர்களின் இறப்பைப் பதியாமல் விட்டுவிடும் பழக்கம் இன்னும் இருக்கிறது. பட்டா மாற்றும்போதுதான் அதன் வலி தெரியும்.

அப்பா பெயரில் உள்ள நிலத்தை எங்கள் பெயருக்கு எப்படி மாற்றுவது?

அதிகம் கேட்கப்படும் கேள்வி இது, பதிலும் கொஞ்சம் நீளம். அண்ணன், தம்பி, ஒரு தங்கை. அப்பா பெயரில் மூன்று ஏக்கர் என்று வைத்துக்கொள்வோம்.

முதலில் இறப்புச் சான்றிதழ். அடுத்து வட்டாட்சியரிடம் வாரிசுச் சான்றிதழ். அதில் தங்கையின் பெயர் கட்டாயம் இருக்கும், இருக்க வேண்டும். கல்யாணம் ஆகிப் போய்விட்டாள் என்று விட்டுவிட முடியாது. அப்பா சொத்தில் அவருக்கும் சம உரிமை உண்டு.

அதன்பிறகு மூவரும் சேர்ந்து கூட்டுப் பட்டாவாக மாற்றிக்கொள்ளலாம். இதற்கு நிலத்தை அளக்க வேண்டியதில்லை, வேலை சீக்கிரம் முடியும். தனித்தனியாக வேண்டும் என்றால் பாகப்பிரிவினைப் பத்திரம் பதிய வேண்டும். அது சார்பதிவாளர் அலுவலகம். பதிவுத்துறை தனித் துறை, தாலுகா ஆபீஸுக்கும் அதற்கும் சம்பந்தம் இல்லை. பத்திரம் பதிந்த பிறகு உட்பிரிவுக் கட்டணம் கட்டினால் குறுவட்ட நில அளவையரான பிர்கா சர்வேயர் வந்து அளப்பார். பழைய புல எண் 45/2 என்றால் அது 45/2அ, 45/2ஆ, 45/2இ என்று பிரியும், புலப்படத்தில் புதுக்கோடு ஏறும். அதற்கு அப்புறம்தான் தாசில்தார் தனிப் பட்டாவுக்கு உத்தரவு போடுவார்.

பலரும் தடுமாறுவது கிணற்றில். இந்த மாவட்டம் கிணற்றுப் பாசனத்தை நம்பியது. நிலத்தை மூன்றாகப் பிரித்துவிட்டு, கிணறு யாருடைய பாகத்தில் விழுகிறது, மற்ற இருவருக்கு எத்தனை மணி நேரம் தண்ணீர், மோட்டார் மின் இணைப்பு யார் பெயரில், வரப்புப் பாதை எது என்று பத்திரத்தில் எழுதாமல் விட்டால், அடுத்த தலைமுறை கோர்ட்டுக்குத்தான் போகும். சின்ன வெங்காயம் நட்டிருக்கும் நேரத்தில் ஒரு வாரம் தண்ணீர் நின்றால் மொத்தப் போட்ட காசும் போய்விடும். பத்திரம் எழுதும் அன்றைக்கு வெட்கப்படாமல் இதையெல்லாம் பேசிவிடுங்கள்.

ஜமாபந்தியில் போய் மனு கொடுத்தால் வேலை நடக்குமா?

நடக்கும், சரியான மனுவாக இருந்தால். வருவாய்க் கணக்குக்கான பசலி ஆண்டு ஜூலை 1-ல் தொடங்குகிறது. அதற்கு முன், பெரும்பாலும் மே, ஜூன் மாதங்களில், ஒவ்வொரு தாலுகா ஆபீஸிலும் ஜமாபந்தி எனப்படும் வருவாய்த் தீர்வாயம் நடக்கும். கலெக்டரோ அவர் நியமிக்கும் அதிகாரியோ உட்கார்ந்து கிராமக் கணக்குகளைத் தணிக்கை செய்வார்கள். எந்தக் குறுவட்டத்துக்கு எந்த நாள் என்று முன்பே அறிவிப்பார்கள். உங்கள் கிராமத்தின் நிலப் பதிவேடான அ-பதிவேடும் சாகுபடிக் கணக்கான அடங்கலும் அன்றைக்கு அந்த மேஜையிலேயே இருக்கும். அதனால் பட்டாவில் பெயர்ப் பிழை, பரப்பு பிழை போன்றவற்றுக்கு அது நல்ல நாள். கணக்கும் கணக்கை எழுதியவரும் அதைத் திருத்தும் அதிகாரியும் ஒரே இடத்தில் கிடைப்பது ஆண்டில் அந்த நாளில்தான். அளவை தேவைப்படும் தகராறுகள் அங்கே தீராது.

மற்ற நாட்களில் என்றால், திங்கட்கிழமை ஆட்சியர் அலுவலகத்தில் மக்கள் குறைதீர்க்கும் நாள். விவசாயிகளுக்கு மாதம் ஒரு கூட்டம் தனியாக உண்டு. போனில் சொல்ல 1100.

கிராம சபைக்கு எதற்காகப் போக வேண்டும்?

ஊராட்சியின் வரவு செலவைக் கேள்வி கேட்க உங்களுக்குச் சட்டம் கொடுத்த இடம் அது. ஆண்டுக்கு ஆறு கூட்டங்கள்: ஜனவரி 26, மார்ச் 22, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2, நவம்பர் 1. கடைசியில் உள்ள உள்ளாட்சி தினம் இந்த மாவட்டம் தொடங்கிய தேதியும்கூட.

கூட்டம் செல்லுபடியாகக் குறைந்தபட்ச வருகை உண்டு. ஊராட்சியின் மக்கள்தொகை 500 வரை என்றால் 50 பேர், 3,000 வரை 100 பேர், 10,000 வரை 200 பேர், அதற்கு மேல் 300 பேர். இந்த மாவட்டத்தில் ஒரு ஊராட்சிக்குச் சராசரியாக 3,900 பேர் அளவில் வருகிறார்கள். ஆக, பல ஊராட்சிகளில் 200 பேர் உட்கார்ந்தால்தான் அது கூட்டம். நாற்பது பேர் வந்து, மீதிக் கையெழுத்தை வீடு வீடாக வாங்கி நோட்டை நிரப்புவது சட்டப்படி கூட்டம் ஆகாது.

போகும்போது ஒரே ஒரு விஷயத்தை எடுத்துக்கொண்டு போங்கள். "எங்கள் தெருவுக்கு எல்லாமே வேண்டும்" என்று பேசினால் தீர்மானம் ஆகாது. "வடக்குத் தெரு கடைசி மின்கம்பத்தில் விளக்கு இல்லை, போட வேண்டும்" என்று கேளுங்கள். அதைத் தீர்மானப் புத்தகத்தில் எழுதச் சொல்லி, வாசித்துக் காட்டச் சொல்லி, தீர்மான எண்ணைக் குறித்துக்கொண்டு வாருங்கள். பின்னால் பி.டி.ஓ. ஆபீஸில் பேசும்போது அந்த எண் கையில் இருந்தால் பேச்சு வேறு மாதிரி போகும்.

இப்போது ஊராட்சித் தலைவர் இல்லை என்கிறார்களே?

2019 டிசம்பரில் 27 மாவட்டங்களில் ஊரக உள்ளாட்சித் தேர்தல் நடந்தது, பெரம்பலூரும் அதில் ஒன்று. அதில் வென்றவர்களின் பதவிக்காலம் 2025 ஜனவரி 5-ல் முடிந்தது. அதன்பின் தேர்தல் நடத்தாமல் தனி அலுவலர்களை நியமித்தார்கள். கிராம ஊராட்சிக்கு பி.டி.ஓ.தான் தனி அலுவலர். நகராட்சியும் பேரூராட்சிகளும் 2022 பிப்ரவரியில் தேர்தல் நடந்தவை, அவற்றுக்கு இது பொருந்தாது.

தேர்ந்தெடுக்கப்பட்ட தலைவர் இருக்கும் காலத்தில் ஊராட்சிக் காசோலையில் தலைவர், துணைத் தலைவர் இருவரும் கையெழுத்துப் போட வேண்டும். தலைவரை மக்கள் நேரடியாகவும், துணைத் தலைவரை வார்டு உறுப்பினர்களும் தேர்ந்தெடுப்பார்கள். இடங்களில் பாதி பெண்களுக்கு. ஒரு பி.டி.ஓ. முப்பது ஊராட்சிகளுக்குத் தலைவர் வேலையும் சேர்த்துப் பார்ப்பது ஊருக்கு நல்லதில்லை. இரவு பத்து மணிக்கு மோட்டார் எரிந்தால் கதவைத் தட்ட ஊருக்குள் பொறுப்பான ஒரு ஆள் வேண்டும்.

எங்கள் எம்.பி. சிதம்பரத்துக்காரரா, பெரம்பலூர்க்காரரா?

மாவட்டத்தில் இரண்டு சட்டமன்றத் தொகுதிகள், பெரம்பலூரும் குன்னமும். பெரம்பலூர் சட்டமன்றத் தொகுதி பெரம்பலூர் மக்களவைத் தொகுதியில் வருகிறது. அதன் மற்ற ஐந்து பகுதிகள் குளித்தலை, லால்குடி, மண்ணச்சநல்லூர், முசிறி, துறையூர், எல்லாமே வேறு மாவட்டங்கள். குன்னம் தொகுதியோ சிதம்பரம் மக்களவைத் தொகுதியில். அரியலூர் மாவட்டத்தின் செந்துறைப் பகுதியும் குன்னம் சட்டமன்றத் தொகுதிக்குள் வருகிறது. இந்த எல்லைகள் 2001 மக்கள்தொகையை வைத்து 2008-ல் வரையப்பட்டவை.

ரயில் உண்டா?

பெரம்பலூர் நகருக்கு ரயில் இல்லை. அரியலூருக்கோ திருச்சிக்கோ போய்த்தான் ஏற வேண்டும்.

மக்கள் எதை நம்பிப் பிழைக்கிறார்கள்?

விவசாயம்தான் முதலில். மக்காச்சோளம், பருத்தி, சின்ன வெங்காயம் மூன்றிலும் மாநிலத்தில் பேர் சொல்லும் மாவட்டம். ஓரளவு கரும்பு, அதற்கு எறையூரில் பொதுத்துறை சர்க்கரை ஆலை. நாரணமங்கலத்தில் டயர் தொழிற்சாலை. எறையூரில் 2022-ல் சிப்காட் தொழிற்பூங்கா திறந்து, காலணித் தொழில் வந்திருக்கிறது. பஞ்சாலைக்கும் பனியன் கம்பெனிக்கும் வெளியூர் போய்க்கொண்டிருந்த பெண்களுக்கு வீட்டிலிருந்து போய்வரும் தூரத்தில் வேலை கிடைப்பது நல்ல மாற்றம். அடுத்த கணக்கெடுப்பில் ஊரில் தங்கியவர்களின் எண்ணிக்கையில் இது தெரிகிறதா என்று பார்க்க வேண்டும்.

2011 எண்ணை இன்னும் எதற்கெல்லாம் பயன்படுத்துகிறார்கள்?

உணவுப் பாதுகாப்புச் சட்டத்தில் எத்தனை பேருக்கு ஒன்றிய அரசின் தானியம் என்பதற்கு 2011 கணக்குதான். 15-வது நிதிக்குழு உள்ளாட்சிகளுக்கான மானியத்தை மாநிலங்களுக்குப் பிரித்தபோது 90 சதவீத எடை 2011 மக்கள்தொகைக்கு. 2011-ல் பிறந்த பிள்ளை பத்தாம் வகுப்பைத் தாண்டும் வயதுக்கு வந்தாயிற்று. சின்ன மாவட்டத்தில் ஒரு கிராமத்தில் ஐந்நூறு பேர் கூடினாலும் குறைந்தாலும் விகிதம் பெரிதாக மாறும், பழைய எண் அங்கேதான் அதிகம் தவறும்.

அடுத்த கணக்கெடுப்பு எப்போது?

2025 ஜூன் 16-ல் வெளியான அறிவிக்கையின்படி 2027 மார்ச் 1 அடிப்படைத் தேதி. முதல் கட்டமான வீட்டுக் கணக்கு 2026-ல், ஆட்களை எண்ணுவது 2027 பிப்ரவரியில். சாதி விவரமும் கேட்பார்கள், பதிவு கைப்பேசிச் செயலியில். எண்ணும் வேலை முடியும்வரை வட்டம், கிராமம், நகராட்சி எல்லைகளை மாற்றக் கூடாது என்பது விதி. அதனால் புதுத் தாலுகா, புது ஒன்றியம் கேட்டுக் கொடுக்கும் மனுக்களுக்கு இப்போதைக்கு முடிவு கிடைக்காது.

என் மகன் திருப்பூரில் வேலை செய்கிறான், ரேஷன் கார்டில் பெயர் இங்கே இருக்கிறது. அவனை எங்கே எண்ணுவார்கள்?

எண்ணும் நாட்கள் முழுவதும் திருப்பூரிலேயே இருந்தால் அங்கேதான். ரேஷன் கார்டு, வாக்காளர் அட்டை, ஆதார் முகவரி எதுவும் இதைத் தீர்மானிப்பதில்லை. வழக்கமாக ஊரில் இருப்பவர் நடுவில் சில நாள் மட்டும் வெளியே போய், எண்ணும் காலத்துக்குள் திரும்பிவிட்டால் ஊர்க் கணக்கில் சேர்வார். துபாயிலோ குவைத்திலோ இருப்பவர் இந்தக் கணக்கில் வரவே மாட்டார். "நம்ம ஊர்ப் பிள்ளைதானே, எழுதிக்கொள்ளுங்கள்" என்று கணக்கெடுப்பாளரிடம் வற்புறுத்தினால் ஒருவரை இரண்டு இடத்தில் எண்ணியதாகிவிடும். வீட்டில் இப்போது இருக்கிறவர்களை, பிறந்து பத்து நாள் ஆன பெண் குழந்தையிலிருந்து படுக்கையில் கிடக்கும் பாட்டி வரை, ஒருவரும் விடாமல் சொல்லுங்கள். வயதானவர்களின் வயதும் கைக்குழந்தைகளின் பெயரும்தான் அதிகம் விட்டுப்போகின்றன.